ஊர் கேட்டால் பினாங்கு என்பார்

பால் பொங்கி அடுப்பில் வழிந்துகொண்டிருக்கும். அவர் அடுப்படி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருப்பார். உள்ளே ஓர் அடி வைத்தால் சட்டியை இறக்கிவிடலாம். வைக்க மாட்டார். கிணற்றடியில் இருக்கும் எனக்குக் கேட்கிற மாதிரி அங்கிருந்தே அறிவிப்பார்.

“தங்கச்சி, உங்க ராஜ்யத்துல பால் பொங்குது!”

நான் ஈரக்கையோடு ஓடி வருவதற்குள் பாதிப் பால் சாம்பலோடு சேர்ந்திருக்கும்.

“கொஞ்சம் இறக்கி வைக்கக் கூடாதாண்ணே? கை தேஞ்சா போயிடும்?”

“அடுப்படி உங்க அதிகாரம். நான் கைவச்சா தலையீடு. இன்னைக்குப் பால இறக்குவேன், நாளைக்கு உப்புப் பார்ப்பேன், மறுநாள் நீங்க என்னைக் கேட்டுத்தான் உலை வைக்கணும். ராஜ்யமெல்லாம் இப்படித்தான் போச்சு, தங்கச்சி.”

ராஜ்யம் போவதைப் பற்றி எனக்கு ஒரு கவலையும் இல்லை. போன பாலுக்கு மாமியாரிடம் என்ன சொல்வது என்பதுதான் கவலை.

பினாங்கில், ஜெலுத்தோங் பக்கம் இருந்த எங்கள் பலகை வீட்டின் முன் அறையில் அவர் குடியிருந்தார். கப்பல் கம்பெனியில் கிராணி. பகலெல்லாம் யாருடைய மூட்டை எந்தக் கப்பலில் போகிறது என்று எழுதுவார். சாயங்காலம் வீட்டுக்கு வந்து, கோப்பி குடித்து, எந்த ராஜ்யம் எந்தக் கட்டில் இருக்க வேண்டும் என்று எழுதுவார். அதைத் தமிழ்ப் பத்திரிகைக்கு அனுப்புவார், அவர்களும் போடுவார்கள். எல்லாக் கட்டுரையிலும் ‘சமஷ்டி’ என்ற சொல் வந்துவிடும். அதனால் தெருவில் அவருக்குப் பெயரே சமஷ்டி. சொந்தப் பெயர் எனக்குத் தெரியும், சொல்ல மாட்டேன். சொன்னால், என் பெயர் என் அதிகாரம், நீ எப்படித் தொட்டாய் என்று மேலே இருந்து சண்டைக்கு வருவார்.

எழுதி முடித்ததும் என்னிடம்தான் வாசித்துக் காட்டுவார். நான் பெரிய அறிவாளி என்பதால் இல்லை. “உங்களுக்குப் புரிஞ்சிட்டா எல்லாருக்கும் புரியும் தங்கச்சி” என்று அவரே சொன்னார். அதைப் பாராட்டு என்று நினைத்து நான் பல நாள் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன். செல்லம்தான் விளக்கிச் சொன்னாள். அவள் என் நாத்தனார். எழுத்துக்கூட்டாமல் வாசிக்கத் தெரிந்தவள். நான் அப்படி இல்லை. பள்ளிக்கூடத்தில் ‘ஞ’ வரைக்கும் போனேன், அதன் சுழியைப் பார்த்ததும் வீட்டுக்குத் திரும்பிவிட்டேன்.

நான் பின்கட்டில் மாவாட்டுவேன். அவர் அடுப்படி வாசலுக்கு வெளியே முக்காலியைப் போட்டு உட்கார்ந்து வாசிப்பார். வாசிப்பு நீண்டால் எனக்குக் கண் சொக்கும், குழவி நின்றுவிடும். குழவி நின்ற இடமெல்லாம் நான் கருத்தில் மூழ்கிய இடம் என்று எடுத்துக்கொள்வார். “இந்த இடம் உங்களையே நிறுத்திருச்சு பாருங்க” என்று பென்சிலால் ஒரு கோடு போட்டுக்கொள்வார். அவருடைய கட்டுரைகளில் எந்தெந்தப் பகுதி அழுத்தமாக அச்சில் வந்ததோ அதெல்லாம் நான் தூங்கிய பகுதி.

அப்படி அரைத் தூக்கத்தில் கேட்டதில் கொஞ்சம் மண்டையில் ஒட்டிக்கொண்டது. பல ராஜ்யங்கள் சேர்ந்து ஒரு பெரிய ராஜ்யமாக இருப்பது, சேர்ந்த பிறகும் அவரவர் வீட்டுக் காரியத்தை அவரவரே பார்ப்பது, இதுதான் சமஷ்டி. அப்போது பினாங்கு, சிங்கப்பூரோடும் மலாக்காவோடும் ஒரே கட்டு. கவர்னர் சிங்கப்பூரில். பேரா, சிலாங்கூர் எல்லாம் வேறு கட்டு, அதற்குத் தலை கோலாலம்பூரில். கெடா எந்தக் கட்டிலும் இல்லாமல் தனியாக இருந்தது. இந்தக் கட்டுகளை எல்லாம் அவிழ்த்து வேறு மாதிரிக் கட்டலாமா என்று பெரிய துரைமார் பேசிக்கொண்டிருந்த காலம்.

அவருக்கு இரண்டு கட்டும் பிடிக்கவில்லை. “நம்ம தெருவுல சாக்கடை அடைச்சா சிங்கப்பூர்ல இருக்கிறவனுக்கு நாறுமா தங்கச்சி?” என்பார்.

“நம்ம தெருவுல இருக்கிறவனுக்கே நாறல. அப்புறம் எவன் வந்து அள்ளப் போறான்?” என்பேன். அதையும் எழுதிக்கொள்வார். நான் வேடிக்கைக்குச் சொன்னது பத்திரிகையில், ‘பொதுமக்களின் அலட்சியம்’ என்று வந்தது.

பத்திரிகை எங்கள் வீட்டுக்கு நேராக வராது. மளிகைக் கடையிலிருந்து நெத்திலியைச் சுற்றிக்கொண்டு வரும். ஒருநாள் அவர் கட்டுரையே வந்தது. கருவாட்டு எண்ணெய் ஊறி, ‘சமஷ்டி’ மட்டும் தெரிந்தது. அவர் மனம் நோகப் போகிறதென்று மறைத்தேன். பார்த்துவிட்டார். முகம் மலர்ந்துவிட்டது.

“எல்லா வீட்டு அடுப்படிக்கும் போகுது பாத்தீங்களா! நான்கூடப் போக முடியாத இடம்.”

செல்லம் அந்தத் தாளை வெயிலில் உலர்த்தி எடுத்து வைத்துக்கொண்டாள். வீட்டில் நெத்திலி வாசனை ஏன் போகவே மாட்டேன் என்கிறது என்று நான் பல நாள் தேடினேன். அவள் துணிப்பெட்டிக்குள் சமஷ்டி இருந்தது. அப்போதாவது எனக்கு விஷயம் புரிந்திருக்க வேண்டும். எனக்கா? துணியைத் துவைத்துப் போட்டேன்.

ஊர் விஷயத்துக்கு வருகிறேன். அந்தக் காலத்தில் தமிழர் இருவர் பினாங்கில் எங்கே சந்தித்தாலும் முதலில் கேட்பது “எந்த ஊரு?” என்றுதான். பாசாரில் கத்தரிக்காய் வாங்கும்போதும் கேட்பார்கள், தண்ணீர்மலைக் கோயில் படியில் மூச்சு வாங்கும்போதும் கேட்பார்கள். பதிலாக இந்தியாவில் ஓர் ஊரைச் சொல்ல வேண்டும். கப்பலில் வந்த தாத்தாவின் ஊர் தெரியாதவர்கள் நாகப்பட்டணம் என்று சொல்லித் தப்பித்துக்கொள்வார்கள். இவர் மட்டும் “பினாங்கு” என்பார்.

“அது சரி தம்பி, எந்த ஊரு?”

“பினாங்குதான் ஐயா.”

“இங்க பொறந்தது சரி. ஊரு?”

“பொறந்த இடம்தானே ஊரு?”

கேட்டவர், இந்தப் பையனுக்கு உடம்புக்கு ஏதோ என்பது போலப் பார்த்துவிட்டு நகர்வார். இவருடைய அப்பாவே இங்கேதான் பிறந்தவர். தாத்தா எந்த ஊரிலிருந்து வந்தார் என்று சொல்ல ஆள் இல்லை. “நாகப்பட்டணம்னு சொல்லித் தொலைங்களேன்” என்று நானே சொல்லிப் பார்த்தேன். “அது கப்பல் ஏறின எடம் தங்கச்சி. பஸ் ஏறின எடத்த யாராவது ஊருன்னு சொல்வாங்களா?” என்றார்.

என் கதையைக் கேட்டால் சிரிப்பீர்கள். நான் பிறந்தது பினாங்குக்கு எதிர்க்கரையில், சுங்கை பாக்காப் பக்கத்து எஸ்டேட்டில். யார் கேட்டாலும் ராமநாதபுரம் என்பேன். அதன் மண் கறுப்பா சிவப்பா என்றுகூடத் தெரியாது. ஆனால் தண்ணீர்க் குழாயடியில் ஒரு திருநெல்வேலிக்காரி எங்கள் ஊர்த் தண்ணீர் உப்பு என்று சொன்னபோது குடத்தை ஓங்கிவிட்டேன். அவளும் தைப்பிங்கில் பிறந்தவள்தான். திருநெல்வேலியை அவளும் பார்த்ததில்லை. பார்க்காத இரண்டு ஊருக்காக இரண்டு பேரும் முடியைப் பிடித்துக்கொண்டோம். விலக்கிவிட வந்தவர் சமஷ்டி. விலக்கவில்லை. இரண்டு கையையும் கட்டிக்கொண்டு, “நீங்க ரெண்டு பேரும் இங்க பொறந்தவங்கன்னு யாராவது சொல்லுங்களேன்” என்று கூட்டத்தைப் பார்த்துக் கெஞ்சினார். கூட்டம் யார் முடி நீளம் என்று பார்த்துக்கொண்டிருந்தது.

ஒருநாள் மாவாட்டும்போது கையில் தாள் இல்லாமல் வந்து உட்கார்ந்தார்.

“தங்கச்சி, கல்யாணம்ங்கிறது யாரோட அதிகாரம்?”

“பெத்தவங்களோடது.”

“ரெண்டாவது அவங்க. முதல் அதிகாரம் பொண்ணோடது. அதனால அவங்ககிட்ட முதல்ல கேக்கணும். நீங்க கேப்பீங்களா?”

“எவங்ககிட்ட?”

அவர் கோழிக்கூண்டைப் பார்த்துக்கொண்டு, “செல்லம்” என்றார்.

அன்றைக்கு முதல் தடவையாக, விழித்திருந்தபோதே என் குழவி நின்றது.

செல்லத்திடம் போய்ச் சொன்னேன். அவள் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். “சரின்னு சொல்லுங்க அண்ணி. ஆனா கேட்ட உடனே சரின்னுட்டேன்னு சொல்லிராதீங்க. அரிசி களைஞ்சு வச்சிட்டு அப்புறமாப் போங்க.”

களைந்து வைத்துவிட்டுப் போனேன். அவர் அதே முக்காலியில் அதே கோழியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மாமா, அதாவது என் மாமனார், மாட்டு வண்டி வைத்துக் கப்பலடியிலிருந்து சரக்கு ஏற்றுகிறவர். தஞ்சாவூர்ப் பக்கத்து ஆள். ஊரை விட்டு வந்து எத்தனையோ வருஷமாகியும் மழை பெய்தால், “நம்ம ஊர்லயும் பெய்யும்” என்று மேற்கே பார்ப்பவர். மாப்பிள்ளை நல்லவன், நல்ல வேலை, குடிப்பதில்லை என்பதெல்லாம் ஒரே வீட்டில் இருந்து பார்த்தது. எந்த ஊர் என்று கேட்பது ஊரைத் தெரிந்துகொள்ள மட்டும் இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும். அதற்குப் பின்னால் நிற்கிற கேள்விகளுக்கும் மாமா கப்பல் கம்பெனிப் பக்கம் விசாரித்துப் பதில் வாங்கிவிட்டார். ஊர்ப் பெயர் ஒன்றுதான் குறை. தாம்பூலம் மாற்றும்போது இன்ன ஊர் இன்னார் பேரன் என்று சபையில் உரக்கச் சொல்ல வேண்டும். சொல்ல ஊர் இல்லாவிட்டால் தட்டை மாற்ற மாட்டேன் என்றார் மாமா.

சமஷ்டி அந்தப் பக்கம் “பினாங்கு” என்றார். செல்லம் இந்தப் பக்கம் சாப்பாட்டைக் குறைத்தாள். நடுவில் நான். என்னைப் போன்ற புத்திசாலி நடுவில் இருந்தால் என்ன நடக்கும்?

மாமா என்னைக் கூப்பிட்டார். “ஏம்மா, அந்தத் தம்பி ஒங்கிட்டதான் நிறையப் பேசுது. தாத்தன் ஊரப் பத்தி ஒரு வார்த்தைகூடச் சொன்னதில்லையா?”

ஜன்னலுக்கு வெளியே எங்கள் முருங்கை மரம் நின்றது.

“முருங்கைநல்லூர்னு ஒருநாள் வாய்தவறிச் சொன்னாரு மாமா.”

“எங்க இருக்கு?”

“கும்பகோணத்துக்கு அப்பால.”

மாமா முகத்தில் வெளிச்சம் வந்துவிட்டது. எவ்வளவு அப்பால் என்று அவர் கேட்கவில்லை. என் புத்திசாலித்தனத்தை நானே மெச்சி அன்றைக்கு ஒரு கரண்டி நெய் அதிகமாகச் சாப்பிட்டேன். மாப்பிள்ளையிடம் சொல்லி வைக்க வேண்டும் என்று மட்டும் தோன்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை தாம்பூலம். மாப்பிள்ளைக்குப் பெற்றவர்கள் இல்லை. மூத்த கிராணி ஒருவரைத் துணைக்கு அழைத்து வந்திருந்தார். அவர் மாதா கோயிலில் காலைப் பூசை முடித்துவிட்டு நேராக வந்த மனிதர், பேச்சே இல்லாதவர். எங்கள் பக்கம் என் வீட்டுக்காரரும் மாமாவின் சிநேகிதர் கும்பகோணத்துத் தாத்தாவும். தஞ்சாவூர் ஜில்லாவில் தனக்குத் தெரியாத ஊர் இல்லை என்று தாத்தாவே சொல்லுவார். நானும் செல்லமும் கதவுக்குப் பின்னால். அத்தை, அதாவது என் மாமியார், எங்களுக்கு முன்னால் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்தார்.

“மாப்பிள்ளைக்குப் பூர்வீகம் முருங்கைநல்லூர்” என்றார் மாமா.

“முருங்கைநல்லூரா!” என்று தாத்தா தொடையில் தட்டினார். “தெரியாம என்ன! குளத்தங்கரையில பிள்ளையாரு. எதிர்த்தாப்புல அரச மரம். என் சின்ன மாமியா அங்கதான் வாக்கப்பட்டா. அந்த ஊரு மோருக்கே தனி ருசிலா!”

நான் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டேன்.

மாப்பிள்ளை மாமாவைப் பார்த்தார், தாத்தாவைப் பார்த்தார். “எந்த ஊரு?”

“ஒங்க ஊருதான் தம்பி. கூச்சப்படாதீங்க.”

“அப்படி ஒரு ஊர் இருக்கிறதா எனக்குத் தெரியாதே தாத்தா.”

“இருக்காதா? நான் அங்க கூழ் குடிச்சிருக்கேன்யா!”

“எந்த வருஷம்?”

“ஆமா, கூழுக்கு வருஷம் பாப்பாங்க!” தாத்தாவுக்குக் குரல் ஏறிவிட்டது. “என்னப் பொய்யன்னு சொல்றியா?”

“தாத்தா சொல்றது இருக்கட்டும்” என்றார் மாமா. “நீங்கதானே சொன்னதா எங்க மருமக சொன்னா?”

சபை முழுக்கக் கதவைப் பார்த்தது. செல்லம் என்னைப் பார்த்தாள். மாப்பிள்ளை ஜன்னல் பக்கம் திரும்பி, முருங்கை மரத்தைப் பார்த்து, எல்லாம் புரிந்தவராகக் கண்ணை மூடிக்கொண்டார்.

“அப்பாலன்னுதான் மாமா சொன்னேன்” என்றேன் கதவுக்குப் பின்னாலிருந்து. “எவ்வளவு அப்பாலன்னு சொல்லலியே.”

“அலாமா!” என்று மலாயில் அங்கலாய்த்தார் அதுவரை வாயே திறக்காத மூத்த கிராணி.

மாமா தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டார். தாத்தா அவர் வேட்டியைப் பிடித்து இழுத்து உட்கார வைத்துவிட்டு, மாப்பிள்ளையின் காதருகே போனார். கிசுகிசுப்பதாக நினைத்துக்கொண்டு அவர் சொன்னது தெருவுக்கே கேட்டது.

“தம்பி, ஒரு வார்த்தை. ஆமா எங்க ஊருன்னு தலையை மட்டும் ஆட்டு. எனக்கும் மானம் போகாது, ஒனக்கும் பொண்ணு கெடைக்கும்.”

செல்லத்தின் கை என் கையைப் பிடித்திருந்தது. ஆட்டுங்கள் அண்ணே என்று நான் பல்லைக் கடித்துக்கொண்டு வேண்டினேன். பால் பொங்கினால் வாசலில் நின்று வேடிக்கை பார்க்கிற மனிதர், இதையும் அப்படியே விட்டுவிடக் கூடாதா?

அவர் எழுந்தார். கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். கட்டுரை வரப்போகிறது என்று நினைத்தேன். கட்டுரை வரவில்லை.

“மாமா, நான் தலையாட்டிருவேன். எனக்கு அது கஷ்டமில்ல. ஆனா நாளைக்கு அவங்கள யாராவது எந்த ஊருக்கு வாக்கப்பட்டேன்னு கேட்டா, இல்லாத ஊரச் சொல்லணும். எங்க பிள்ளைங்க சொல்லணும். அவங்க வாய்ல பொய்ய வைக்க எனக்கு அதிகாரம் இல்ல. நான் பினாங்கு. எங்கப்பா பினாங்கு. வேற இல்ல.”

பக்கம் பக்கமாக எழுதிய மனிதர் அவ்வளவோடு உட்கார்ந்துவிட்டார்.

“அப்ப ஊரில்லாதவனுக்கு நான் எப்படிய்யா பொண்ணக் குடுப்பேன்?” என்றார் மாமா. கோபம்கூட இல்லை. நிஜமாகவே தெரியாமல் கேட்ட மாதிரி இருந்தது.

“ஊர் இருந்தவனுக்குத்தானே பெரியவளக் குடுத்தீங்க.”

சொன்னது அத்தை. அவர் சபையில் பேசி நான் கேட்டதே இல்லை. செல்லத்துக்கு ஓர் அக்கா இருந்தாள். மன்னார்குடிப் பக்கத்துக்காரன் ஒருவனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். தாலி கட்டிக் கொஞ்ச நாளில், ஊரில் நிலம் இருக்கிறது என்று அவளைக் கப்பலேற்றிக் கூட்டிப் போய்விட்டான். அந்தப் பக்கத்திலிருந்து கப்பல் வரும்போதெல்லாம் அத்தை ஏதாவது சாக்குச் சொல்லிக் கப்பலடிக்குப் போவார். மன்னார்குடி ஆள் யாராவது உண்டா என்று கேட்டுவிட்டு, வாங்கப் போன சாமானை வாங்காமல் திரும்புவார்.

“அவனுக்கு ஊரு இருந்துச்சு. ஊருல ஆறு இருந்துச்சு, தோப்பு இருந்துச்சு. எல்லாம் சபையில ஒரக்கச் சொன்னீங்க. எம் பொண்ணு எங்க?” அத்தை தரையைப் பார்த்தபடியே பேசினார். “இவனுக்குப் போறதுக்கு ஒரு ஊரே இல்லங்கிறான். எவன் கூப்பிட்டாலும் இவன் எங்க போவான்? இவளும் எங்க போவா? எனக்கு இந்த மாதிரி மாப்பிள்ளதான் வேணும்.”

கும்பகோணத்துத் தாத்தா தோளில் இருந்த துண்டை எடுத்து முகம் துடைத்துக்கொண்டார். தலையைத் திருப்பி, “முருங்கைநல்லூரும் போக ரொம்பத் தூரம்தான்” என்று மூத்த கிராணியிடம் மெதுவாகச் சொன்னார்.

மாமா நெடுநேரம் வெற்றிலையை அடுக்கிக்கொண்டிருந்தார். அடுக்கியதையே கலைத்து மறுபடி அடுக்கினார். பிறகு தொண்டையைச் செருமி, சபைக்குச் சொல்லும் அந்த உரத்த குரலில் ஆரம்பித்தார்.

“பினாங்கு...” என்று நிறுத்தினார். அந்தச் சொல்லை அவர் எத்தனையோ ஆயிரம் தடவை சொல்லியிருப்பார். சரக்கு வந்து இறங்கும் இடமாகத்தான் சொல்லியிருப்பார். வாய் பழக்கமில்லாத சோற்றை மெல்லுகிற மாதிரி இன்னொரு தடவை சொன்னார். “பினாங்கு... ஊரு. ஜெலுத்தோங். நம்ம வீட்டு முன் ரூம்பு மாப்பிள்ளைக்கு, அதே ஊரு எம் மக செல்லத்தக் குடுக்கிறேன்.”

தட்டை நீட்டினார். மாப்பிள்ளை வாங்கவில்லை. மறுப்பு இல்லை அது. கண் நிறைந்துபோய்த் தட்டு இருக்கும் இடம் தெரியாமல் கையைக் காற்றில் துழாவிக்கொண்டிருந்தார். சபையில் பெண்கள் வரக் கூடாது என்பது வழக்கம். நான் கதவைத் தள்ளிக்கொண்டு போய், முழங்கையால் அவர் விலாவில் ஓர் இடி இடித்து, இரண்டு கையையும் பிடித்துத் தட்டின் மேல் வைத்தேன்.

“பிடிங்கண்ணே. கீழ போட்டிராதீங்க.”

அதைத் தலையீடு என்று அவர் சொல்லவில்லை.